கிளியன்று, கலைஞர்

பி. சரோஜாதேவி 2025ஆம் ஆண்டு ஜூலை 14ஆம் நாள் பெங்களூரில் தமது 87ஆம் வயதில் மறைந்தார். ‘கன்னடத்துப் பைங்கிளி’ என்னும் பட்டம் அவரைப் பற்றிய நினைவுரைகளில் மீண்டும் மீண்டும் ஒலித்தது. அது அன்பினால் எழுந்த புகழ்ச்சியே. ஆயினும் கிளி கற்பித்ததை மட்டுமே பேசும். ஒரு கலைஞரை அவ்வாறு அளப்பது முறையாகுமா என்பதை நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

1938இல் பெங்களூரில் பிறந்த அவர், 1955இல் ‘மகாகவி காளிதாசா’ என்னும் கன்னடப் படத்தில் அறிமுகமானார். 1958இல் எம்.ஜி.ஆர். இயக்கிய ‘நாடோடி மன்னன்’ தமிழகத்தில் அவருக்கு நிலையான இடத்தைத் தந்தது. உலகறியாப் பெண்ணாக வந்த அவருடைய கன்னடச் சாயல் படிந்த தமிழ், பாத்திரத்துக்குப் பொருந்திற்று. பின்வந்த படங்கள் பல, அம்மழலையையே முதலாகக் கொண்டு வாணிபம் செய்தன.

ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தில் தமிழும் கன்னடமும் தெலுங்கும் உருதுவும் ஒரே கடைத்தெருவில் புழங்குகின்றன. அவருடைய இருமொழிப் படங்களையும் பொருளுணர்ந்து ஒப்பிட வல்லவர்கள் இப்பகுதியினர். 1961இல் வெளிவந்த ‘கித்தூர் சென்னம்மா’ என்னும் கன்னடப் படத்தில் அவர் ஆங்கிலேயரை எதிர்த்து நின்ற அரசி. அதை இயக்கியவர், 1959இல் ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ தந்த பி.ஆர். பந்துலுவே. ஆகவே குழந்தைத்தனம் அவருடைய எல்லையன்று. தமிழ்த் திரை அவரிடம் விரும்பிக் கேட்ட பண்டம் எனலாம்.

தமிழிலும் அவ்வரம்பை அவர் கடந்ததுண்டு. ஸ்ரீதரின் ‘கல்யாணப் பரிசு’ (1959) படத்தில் தமக்கைக்காகத் தன் காதலைத் துறக்கும் வசந்தியின் துயரில் கொஞ்சலுக்கு இடமேது? ‘புதிய பறவை’ (1964) இன்னும் ஒரு படி மேலானது. அதில் லதாவின் இனிய பேச்சை நாயகனோடு நாமும் நம்புகிறோம். இறுதியில் அவள் குற்றத்தைத் துப்பறிய வந்த காவல்துறைப் பெண் என்று தெரியவரும்போது, அந்த இனிமையே திரையாக நின்றது புலனாகிறது. தம் புகழுக்குக் காரணமான பாணியையே வேடமாக்கிக் காட்டிய நடிப்பு அது. அவருடைய தமிழ்ப் படங்களில் இதற்கே நாம் முதலிடம் தருவோம்.

1967இல் மணம் புரிந்த பின்னரும் அவர் நடிப்பைத் துறக்கவில்லை. 1969இல் பத்மஸ்ரீ விருதும், 1992இல் பத்மபூஷண் விருதும் அவரை வந்தடைந்தன.

இல்லத்தில் உருதுவும் வீதியில் தமிழும் பேசி வளரும் எல்லைப்புறப் பிள்ளைகளின் உச்சரிப்பைக் கேட்டு நகைப்போர் இன்றும் உளர். திரையில் ஒலித்த பிறமொழிச் சாயலை அழகென்று போற்றிய சமூகம், வகுப்பறையில் அதையே குறையென்று ஒதுக்குவது என்ன நியாயம்? ஒருவரது சொல்லின் ஓசையைக் கொண்டு அவரது அறிவையோ ஆற்றலையோ அளத்தல் தகாது. சரோஜாதேவியின் கலை வாழ்வு நமக்குத் தரும் படிப்பினை இதுவே.