கரையில் நின்று பார்த்த கடல்: போர்க்கப்பல்களும் எமது எழுத்தும்

எமது இலக்கிய மாநாட்டு மலர்களைப் புரட்டுகின்ற எவரும் ஒரு விடயத்தைக் கவனித்திருப்பர். தலைமையுரையிலும் முன்னுரையிலும் கடல் இருக்கும். அறபு நாட்டுப் பாய்க்கப்பல்கள், மரக்காயர்கள், குஞ்ஞாலிகள், கீழக்கரை, காயல்பட்டினம் என்று பெருமையோடு பட்டியல் நீளும். ஆனால் அதே மலரின் சிறுகதைப் பகுதிக்குப் போனால் கடல் காணாமற் போய்விடும். அங்கே வயல், சந்தை, பள்ளிவாசல், சீதனம், வெளிநாட்டு வேலை ஆகியவைதான் இருக்கும். முன்னுரையில் இருக்கின்ற கடல் கதையில் ஏன் இல்லை? இக்கட்டுரை இக்கேள்வியையே எடுத்துக்கொள்கிறது. குறிப்பாக யுத்தகாலக் கப்பல்களையும் அவற்றில் இருந்த மனிதரையும் நம் எழுத்து எவ்வாறு பார்த்திருக்கிறது, எவ்வாறு பார்க்கத் தவறியிருக்கிறது என்பதையே இங்கு பேச விரும்புகிறேன்.

நான் படிப்பிக்கும் பனிச்சங்கேணியில் பாலத்தின்மேல் நின்றால் ஒரு பக்கம் களப்பு, மறுபக்கம் கடல். இக்கரையோரத்துக்கு அப்பால் 1942 ஏப்ரல் 9ஆம் திகதி முற்பகலில் நிகழ்ந்தது உலக யுத்த வரலாற்றின் ஒரு முக்கியமான அத்தியாயம். ஏப்ரல் 5ஆம் திகதி, ஈஸ்டர் ஞாயிறன்று, ஜப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கின. நான்கு நாட்களின் பின் திருகோணமலை தாக்கப்பட்டது. எச்சரிக்கை கிடைத்து முதல்நாள் இரவே துறைமுகத்தை விட்டுப் புறப்பட்டிருந்த ‘ஹேர்மஸ்’ என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலும், அதன் துணையாகச் சென்ற ‘வம்பயர்’ என்னும் அவுஸ்திரேலிய நாசகாரிக் கப்பலும் மட்டக்களப்புக்கு அப்பால் கண்டுபிடிக்கப்பட்டன. விமானந்தாங்கியாகவே வடிவமைக்கப்பட்ட முதற் கப்பல் ஹேர்மஸ். ஆனால் அன்று அதில் விமானங்கள் இருக்கவில்லை. அவை கரையில் நின்றன. இருபது நிமிட நேர அளவிலான குண்டுவீச்சில் கப்பல் மூழ்கியது. கப்டன் ஒன்ஸ்லோ உட்பட 307 பேர் இறந்தனர். வம்பயரும், ‘ஹொலிஹொக்’ என்ற சிறு காவற்கப்பலும், ‘அதல்ஸ்ரேன்’, ‘பிரிட்டிஷ் சார்ஜன்ட்’ என்னும் எண்ணெய்க் கப்பல்களும் அதே நாளில் இதே கடலில் அழிந்தன. தண்ணீரில் தத்தளித்தவர்களில் ஏறத்தாழ 600 பேரை ‘வீட்டா’ என்ற ஆஸ்பத்திரிக் கப்பல் ஏற்றிச் சென்றது.

இந்நிகழ்வு பற்றி ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை ஏராளம். உயிர் தப்பியோரின் நினைவுக்குறிப்புகள், கடற்படை வரலாறுகள், சுழியோடிகளின் விபரிப்புகள் என அவை விரிகின்றன. அவற்றில் மணித்துளி தவறாது. எந்தத் தளத்தில் எந்தக் குண்டு விழுந்தது என்பது இருக்கும். கடைசிக் கட்டளை யாருடையது என்பது இருக்கும். அவ்வெழுத்தின் நேர்மையை நான் மதிக்கிறேன். தோழனை இழந்தவன் எழுதும்போது வருகின்ற அடக்கம் அவற்றில் உண்டு. ஆனால் அப்பக்கங்களில் எமது கரை ஒரு தூரமாக மட்டுமே வருகிறது. இத்தனை மைல் தொலைவில் தரை தெரிந்தது, அவ்வளவே. அத்தரையில் ஆட்கள் இருந்தார்கள், அன்றும் கரைவலை இழுத்தார்கள், வானத்தில் எழுந்த புகையை அவர்களும் பார்த்தார்கள் என்பது கப்பற்தளத்தில் நின்றவனுக்குத் தெரிய நியாயமில்லை. அதை எழுத வேண்டியவர்கள் நாம். நாம் எழுதவில்லை.

தமிழில் யுத்தகாலக் கடல் அறவே எழுதப்படவில்லையா? அப்படிச் சொல்ல முடியாது. ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ இருக்கிறது. சிங்கம்புணரியில் பிறந்து, 1938இல் மேடானுக்குப் பிழைக்கப் போய், யுத்தத்தை அங்கேயே கண்ட ஒருவர் எழுதிய நாவல் அது. 1972இல் நூலாக வந்தபோது கவனிப்பாரின்றிக் கிடந்தது. பின்னரே தமிழின் தலைசிறந்த நாவல்களுள் ஒன்றென ஏற்கப்பட்டது. தொங்கான் என்னும் சரக்குத் தோணியில் கடல் கடக்கும்போது புயலில் அகப்படும் பகுதி தமிழ் உரைநடையின் ஓர் உச்சம் என்பதில் எனக்கு ஐயமில்லை. தளபதிகளின் யுத்தத்தைச் சிங்காரம் எழுதவில்லை. வட்டிக்கடைப் பையன்களும் சிறு வியாபாரிகளும் அனுபவித்த யுத்தத்தை எழுதினார். அதுவே அந்நாவலின் பலம். எனினும் ஒன்று சொல்லவேண்டும். அந்நாவலின் கண் பயணியின் கண். கரையேறியதும் பயணிக்குக் கடல் முடிந்துவிடுகிறது. கடலிலேயே தொழில் செய்கிறவனுக்கு அது முடிவதில்லை. அடுத்த பயணத்துக்கும் அவன் அதே தளத்தில்தான் நிற்கவேண்டும்.

தோப்பில் முஹம்மது மீரானின் கடல் வேறு வகை. ‘ஒரு கடலோர கிராமத்தின் கதை’ 1988இல் நூலாக வந்தபோது தமிழ் முஸ்லிம் எழுத்துக்கே ஒரு புதிய வாசல் திறந்தது. அந்நாவலில் கடல் எப்போதும் கேட்டுக்கொண்டிருக்கிறது. ஆனால் கதை நிகழ்வது முதலாளியின் வீட்டிலும் பள்ளிவாசலிலும் புதிதாக வருகின்ற ஆங்கிலப் பள்ளிக்கூடத்தைச் சுற்றியுமே. மீன் வியாபாரத்தையும் அதில் சுரண்டப்படுவோரையும் பேசும் ‘துறைமுக’மும் கரையில் நிற்பவரின் நாவலே. இது குறையல்ல, அவர் அறிந்த உலகம் அது. தெரிந்ததைத் தெரிந்தபடி எழுதியதால்தான் அவை நிற்கின்றன.

ஆக, எம்மிடம் மூன்று கண்கள் இருக்கின்றன. ஆங்கில நினைவுக்குறிப்புகளில் தளத்தில் நின்ற சிப்பாயின் கண். சிங்காரத்தில் பயணியின் கண். மீரானில் கரையின் கண். இல்லாமற் போனது நான்காவது கண். அது கப்பலின் வயிற்றுக்குள், கொதிகலனுக்கு முன்னால் கரி அள்ளிப் போட்டவனின் கண்.

அவன் யார்? அவன் பெரும்பாலும் எம்மவன். இரண்டாம் உலக யுத்தம் தொடங்குவதற்கு முந்திய ஆண்டுகளில் பிரித்தானிய வணிகக் கப்பல்களின் மாலுமிகளில் ஏறத்தாழ நாலில் ஒருவர் இந்தியத் துணைக்கண்டத்தவர். லஸ்கர் என்று அவர்களைச் சொன்னார்கள். அவர்களில் மிகப் பலர் முஸ்லிம்கள். சில்ஹெட், நோவகாளி, மலபார், குஜராத் கரைகளிலிருந்து போனவர்கள். வெள்ளை மாலுமிக்குக் கிடைத்த சம்பளத்தில் ஒரு பகுதியே அவர்களுக்குக் கிடைத்தது. நீர்மூழ்கியின் குண்டு பாயும்போது முதலில் தண்ணீர் புகுவது எந்திர அறைக்குள். ஏணியில் ஏறி வர நேரம் போதாதவர்களும் அவர்களே. அந்த யுத்தத்தில் இறந்த இந்தியக் கடலோடிகளின் தொகை 6000ஐத் தாண்டும். கடலில் போனவனுக்குக் கப்று இல்லை. மும்பாயிலும் சிட்டகொங்கிலும் உள்ள நினைவேடுகளில் பெயர் இருக்கிறது, அவ்வளவே. தமிழில் அவர்களுக்கு ஒரு கதைகூட இருப்பதாக என் வாசிப்பில் தெரியவில்லை.

இவ்விடத்தில் நண்பர்கள் ஒரு நியாயமான மறுப்பைச் சொல்வார்கள். கிழக்கிலங்கை முஸ்லிம் கடலோடி அல்ல, அவன் விவசாயி. தெரியாததை எழுது என்றால் எப்படி எழுதுவான்? இதற்கு வரலாற்றிலேயே விடை இருக்கிறது. 1538இல் வேதாளையில் மரக்காயர் கடற்படையைப் போர்த்துக்கேயர் முறியடித்தனர். 1600இல் நான்காம் குஞ்ஞாலி கோவாவில் கொல்லப்பட்டார். 1626இல் போர்த்துக்கேயர் தம் ஆட்சிப் பகுதிகளிலிருந்து சோனகரை வெளியேற்றியபோது, அவர்களில் 4000 பேரைக் கண்டி மன்னன் செனரத் மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என்று வரலாற்று நூல்கள் கூறும். கடலிலிருந்து துரத்தப்பட்டவர்கள் இங்கே கலப்பை பிடித்தார்கள். எனவே எமது எழுத்தில் கடல் இல்லாமல் வயல் இருப்பது தற்செயல் அல்ல. அது ஒரு தோல்வியின் தழும்பு. தழும்பை மறைத்துக்கொண்டு பழைய கப்பற் பெருமையை மட்டும் மேடையில் பேசுவது இலக்கியமாகாது. கடலை இழந்த கதைதான் எமது உண்மையான கடற்கதை. அதைத்தானும் எழுதினோமா?

சொற்கள் மட்டும் மறக்கவில்லை. சுக்கான் அறபுச் சொல். நங்கூரம் பாரசீகத்திலிருந்து வந்தது. மாலுமி என்பது முஅல்லிம் என்பதன் திரிபு என்று தமிழ் அகராதி கூறும். மத்ரஸாவில் ஓதித் தருபவரும் நடுக்கடலில் நட்சத்திரம் பார்த்து வழி சொல்பவரும் ஒரே சொல்லால் அழைக்கப்பட்டிருக்கிறார்கள். ஓர் ஆசிரியனாக இச்செய்தி எனக்குப் பெருமை தந்தது. ஆனால் இங்கும் ஓர் எச்சரிக்கை வேண்டும். 1498இல் வாஸ்கோ ட காமாவுக்கு மலிந்தியிலிருந்து கள்ளிக்கோட்டைக்கு வழிகாட்டியவர் புகழ்பெற்ற அஹ்மத் இப்னு மாஜித் என்று எமது கட்டுரைகளில் இன்றும் எழுதப்படுகிறது. ஆய்வாளர்கள் இதனை இன்று ஏற்பதில்லை. அவ்வழிகாட்டி குஜராத்தியர் என்பதே வலுவான கருத்து. பாடல்களாலும் உரைநடையாலும் கடற்கலையை எழுதிவைத்த இப்னு மாஜிதின் பெருமைக்கு இந்தப் பொய்ச் சான்றிதழ் தேவையில்லை. அந்நியனைக் கூட்டி வந்தவர் என்ற பழியையும் பெருமையையும் சேர்த்து அவர்மேல் சுமத்துகிறோம். பெருமை பேசும் அவசரத்தில் சரிபார்க்காமல் எழுதுவது எமது கட்டுரையாளர்களின் பழைய வியாதி.

வடக்கைப் பாருங்கள். வல்வெட்டித்துறையில் கட்டப்பட்ட ‘அன்னபூரணி’ என்னும் பாய்க்கப்பல் அவ்வூர்க் கடலோடிகளுடனேயே 1938இல் அமெரிக்காவின் குளோஸ்டர் துறைமுகத்தை அடைந்தது. அவ்வூரார் அதனை மறக்கவில்லை. பேசினார்கள், எழுதினார்கள், பிள்ளைகளுக்குச் சொன்னார்கள். அதில் மிகையும் இருக்கலாம். ஆனால் ஞாபகம் இருக்கிறது. மிகையைத் திருத்தலாம், இல்லாததை என்ன செய்வது?

சில வருடங்களுக்கு முன் எட்டாம் வகுப்பில் ‘கடல்’ என்று தலைப்புக் கொடுத்துக் கட்டுரை எழுதச் சொன்னேன். தகப்பன் நேற்றிரவு கடலுக்குப் போன பிள்ளையும் கடல் நீல நிறமானது, உப்பு தருவது, முத்து தருவது என்றே எழுதியது. பாடப்புத்தகக் கடல் அது. நான் கோபப்படவில்லை. அப்பிள்ளைக்கு முன் வேறு எந்தக் கடலை நாம் எழுதி வைத்தோம்? சுனாமி 2004இல் கொண்டுபோன கடல், 2009 வரை யுத்தத்தில் தடைசெய்யப்பட்ட கடல், தொழிலுக்குப் போனவர் திரும்பாத கடல், எல்லாம் அப்பிள்ளையின் வீட்டுக்குள் இருக்கிறது, கொப்பியில் இல்லை. தமிழ்ப் பிள்ளையானாலும் முஸ்லிம் பிள்ளையானாலும் இதுவே நிலை. இக்கரையில் இரு சமூகமும் ஒரே தண்ணீரில் இறந்திருக்கிறார்கள். அதனால் இக்கடலை எழுதுவது ஒரு சமூகத்தின் பெருமைக் கணக்காக இருக்க முடியாது.

ஹேர்மஸ் இன்று மட்டக்களப்புக் கரைக்கு அப்பால் ஐம்பது மீற்றருக்கும் மேற்பட்ட ஆழத்தில் கிடக்கிறது. வெளிநாட்டுச் சுழியோடிகள் வந்து பார்த்துப் போகிறார்கள். ‘பிரிட்டிஷ் சார்ஜன்ட்’ கல்குடாக் கரைக்கு அப்பால் கிடக்கிறது. 1942இல் பத்து வயதாயிருந்தவருக்கு இன்று தொண்ணூறு கடந்திருக்கும். புகையைக் கண்ட, சத்தத்தைக் கேட்ட கடைசிக் கிழவர்களும் கிழவிகளும் ஒவ்வொருவராய்ப் போய்விட்டார்கள். யாராவது எஞ்சியிருந்தால் இந்த விடுமுறையிலேயே போய்க் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். நல்ல நடையில் எழுதவேண்டும் என்பதில்லை. அவர்கள் சொன்ன சொல்லிலேயே எழுதுங்கள். சிறுகதை பிறகு வரட்டும்.

மாநாட்டு மலருக்கு இன்னொரு முன்னுரை எழுதுவதைக் காட்டிலும் அது பயனுள்ள வேலை.