சில்லறை விஷயமா இது?

பழைய காசு சேகரிக்கிறவர்களிடம் பைசாந்திய வெண்கல நாணயங்களைப் பற்றிப் பேச்செடுத்துப் பாருங்கள். பலர் முகத்தைச் சுளிப்பார்கள். 'ரோமானியக் காசு என்றால் நீரோ காலத்துக் காசு சார். என்ன முகம், என்ன மூக்கு! இதுவோ சுத்தியலால் நசுக்கிய தகரம் மாதிரி இருக்கிறது. ஒரு பக்கம் பொம்மை ராஜா, மறுபக்கம் பெரிசாக ஒரே ஓர் எழுத்து. இதெல்லாம் கலையா?'

கலை இல்லைதான், ஒப்புக்கொள்வோம். ஆனால் காசை யார் கையில் வைத்துப் பார்ப்பது? மியூசியத்தில் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நிற்கிறவருக்கு ராஜாவின் மூக்கு முக்கியம். ரொட்டிக் கடையில் நிற்கிறவனுக்கு 'இது எத்தனைக்குப் போகும்?' என்பதுதான் முக்கியம். அவன் கையால் மார்க் போட்டால் ரிசல்ட் தலைகீழாகிவிடும்.

சுமார் கி.பி. 294-ல் டயோக்ளீஷியன் சக்ரவர்த்தி ஒரு புது வெண்கலக் காசு கொண்டுவந்தார். ஏறக்குறைய 10 கிராம். மேலே மெல்லிசாக வெள்ளிப் பூச்சு. பின்பக்கம் ரோமானிய மக்களின் காவல் தெய்வம். பார்க்க ஜோர்தான். 301-ல் ஓர் ஆணை போட்டு நாணயங்களின் மதிப்பை உயர்த்தினார்கள். அதே வருடம் விலைவாசிக்கு உச்சவரம்பு போட்டு இன்னோர் ஆணை. இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால் அரசாங்கத்தின் பதற்றம் புரியும். அடுத்த 40 வருடங்களில் அந்த 10 கிராம் காசு இளைத்து இளைத்து 2 கிராமுக்கும் கீழே போனது. வெள்ளிப் பூச்சும் போயே போச்சு.

348 வாக்கில் வந்ததுதான் உச்சகட்ட தமாஷ். கான்ஸ்டான்ஷியஸும் அவர் தம்பி கான்ஸ்டன்ஸும் புதுக் காசு அடித்தார்கள். அதில் 'ஃபெல் டெம்ப் ரெப்பராட்டியோ' என்று ஒரு வாசகம். 'இனிய காலம் திரும்பிவிட்டது' என்று வைத்துக்கொள்ளுங்கள். ரோமானிய வீரன், குதிரையிலிருந்து சரியும் எதிரியை ஈட்டியால் குத்துகிற படம். வேகம், அசைவு எல்லாம் உண்டு. விளம்பர டிசைன் என்று பார்த்தால் முதல் பரிசு. அந்தக் காசில் பெரியது முதலில் 5 கிராம் இருந்தது. பத்து வருடத்தில் 2 கிராம் ஆகிவிட்டது. வீரன் அதே வீரன், ஈட்டி அதே ஈட்டி, இனிய காலம் அதே இனிய காலம். உலோகம் மட்டும் காணோம்!

இதே அரசாங்கம் தங்கக் காசில் கைவைக்கவில்லை. கான்ஸ்டன்டைன் கொண்டுவந்த நாலரை கிராம் தங்க சாலிடஸ், எடையும் மாற்றும் பெரிதாகக் குறையாமல் ஏறக்குறைய 700 வருடம் ஓடியது. தங்கம் வைத்திருப்பவனிடம் நாணயம், வெண்கலம் வைத்திருப்பவனிடம் கோஷம்! 445-ல் மூன்றாம் வாலன்டீனியன் போட்ட ஒரு சட்டம், ஒரு தங்கக் காசுக்கு 7,000, 7,200 சில்லறை என்று பேசுகிறது. ஒவ்வொன்றும் சுண்டுவிரல் நகம் அளவு. எண்ணி முடிப்பதற்குள் கடை மூடிவிடுவார்கள்.

இந்தச் சில்லறையில் ஆயிரக்கணக்கான காசுகள் இலங்கையில் கிடைத்திருக்கின்றன. நம் கரூர் அமராவதி ஆற்று மணலிலும் மதுரையிலும்கூட நிறைய கிடைத்தன. லத்தீன் தெரியாத ஊரில் 'இனிய காலத்தை' யார் படித்திருப்பார்கள்? இலங்கையில் இவற்றைப் பார்த்து உள்ளூரிலேயே காப்பியடித்து அடித்தும் இருக்கிறார்கள். வேண்டியிருந்தது சில்லறை, அவ்வளவுதான்.

இப்போது அந்த 'அசிங்கமான' காசுக்கு வருவோம். 491-ல் அனஸ்டாசியஸ் என்கிற அரண்மனை அதிகாரி, கிட்டத்தட்ட 60 வயதில் சக்ரவர்த்தி ஆனார். 498-ல் ஒரு பெரிய வெண்கலக் காசு வெளியிட்டார். பின்பக்கம் வீரன் இல்லை, தெய்வம் இல்லை, கோஷம் இல்லை. 'எம்' வடிவில் ஒரே ஓர் எழுத்து. கிரேக்கர்கள் எழுத்தையே எண்ணாகவும் எழுதுவார்கள். நம் பழைய சுவடிகளில் 'க' என்றால் 1, 'உ' என்றால் 2 என்கிற மாதிரி. 'எம்' என்றால் 40. அதாவது இந்தக் காசு ஒன்று, 40 பொடிக்காசுக்குச் சமம். 'கே' போட்டால் 20, 'ஐ' போட்டால் 10. யோசனை முழுக்க அவருடையது இல்லை, இத்தாலியில் ஏற்கெனவே 40 என்று எண் போட்ட காசு உண்டு. ஆனாலும் சாம்ராஜ்யம் முழுவதற்கும் இதைக் கொண்டுபோனவர் அவர்தான். முதலில் சுமார் 9 கிராம் இருந்ததை 512-ல் இரண்டு மடங்காக்கினார். காசு கனத்தது, எண் மாறவில்லை. வாங்குகிறவன் பக்கம் நின்று செய்த காரியம் என்று இதைத்தான் சொல்வேன்.

சரி, அப்புறம் யாரும் ஏமாற்றவில்லையா என்றால், ஏமாற்றினார்கள். ஒரு தங்கக் காசுக்கு 210 என்று இருந்த வெண்கலக் காசை ஜஸ்டினியன் 180 ஆக்கிவிட்டார் என்று வரலாற்றாசிரியர் புரோகோப்பியஸ் புலம்புகிறார். ஏழாம் நூற்றாண்டில் ஹெராக்ளியஸ் காலத்தில் பழைய காசுகளை வெட்டி, அதன் மேலேயே புது முத்திரை குத்தினார்கள். எடை சரிந்துகொண்டே போனாலும் அந்த 'எம்' மட்டும் அசையாமல் 40, 40 என்று சொல்லிக்கொண்டிருந்தது.

ஆனால் ஒரு வித்தியாசம் இருக்கிறது. ஜஸ்டினியன் 538-லிருந்து வெண்கலக் காசில் தன் ஆட்சியாண்டையும் போட ஆரம்பித்தார். எண்ணும் இருக்கிறது, வருடமும் இருக்கிறது. தராசில் வைத்தால் எந்த வருடம் எத்தனை கிராம் திருடினார்கள் என்று தெரிந்துவிடும். 'இனிய காலம் திரும்பிவிட்டது' என்பதை எந்தத் தராசில் வைப்பீர்கள்?

அழகான காசு எது என்று என்னைக் கேட்டால், கணக்குக் கேட்க முடிகிற காசுதான்.