மாதிரிக் கையெழுத்து

எங்கள் குகட்பள்ளிக்குப் பின்கோடு 500072. ராணுவத்திலிருக்கும் அத்தை மகனுக்கு முறுக்கு அனுப்பும்போது எழுதுவதோ 9-இல் தொடங்கும். எண், ரேங்க், பெயர், யூனிட், கேர் ஆஃப் 56 ஏபிஓ. அவ்வளவுதான், ஊர்ப் பெயர் கிடையாது. லடாக்கா, ராஜஸ்தானா என்று முகவரியைப் பார்த்து அத்தையாலேயே சொல்ல முடியாது. (பின்கோடு வந்ததும், ராணுவத் தபால் சேவை தனிப் படைப்பிரிவானதும் ஒரே வருஷம், 1972.)

நான் ரசிப்பது பார்சல் அங்கே போனதற்கப்புறம் நடப்பதை. யூனிட்டின் தபாலை வாங்கிவர ஒரு ஆள் வேண்டுமே! யார் வந்து கை நீட்டினாலும் கொடுத்துவிட முடியாது, காகிதம் வேண்டும். அமெரிக்கப் படையில் இந்த நியமனத்துக்கென்றே டிடி 285 என்றொரு படிவம் இருக்கிறது. பெயர், பதவி, அதிகாரியின் கையெழுத்து என்று சின்னச் சின்னக் கட்டங்கள்.

இந்த மாதிரிக் காகிதங்களில் எனக்குப் பிடித்தது மாதிரிக் கையெழுத்துதான். வங்கிக்கு அத்தாரிட்டி லெட்டர் கொடுக்கும்போது கவனித்திருக்கிறேன்: எங்கும் கிறுக்கிவிட்டுப் போகிறவன்கூட அங்கே நிமிர்ந்து உட்கார்ந்து, நாக்கைக் கடித்துக்கொண்டு எழுதுவான். நாளைக்குக் கவுண்டரில் தன் கையெழுத்தைத் தானே காப்பியடிக்க வேண்டுமே! ஓரத்தில் பாதி மட்டும் விழுந்த ஊதா முத்திரை.

அத்தை டப்பாவைத் துணியில் தைத்து, முடிச்சில் அரக்கு வைக்கிறாள்.