நந்தனார் பாடல்களும் சமூக மாற்றமும்

நந்தனார் பாடல்கள், சிதம்பரம் நடராசரைக் காண ஏங்கிய திருநாளைப்போவார் நாயனாரின் கதையை ஒட்டிப் பிறந்தவை. கதாகாலட்சேபம், நாடகம், திரைப்படம் ஆகியவற்றின் வழியே இவை மக்களிடம் பரவின. இக்கதை வெவ்வேறு காலங்களில் பாடப்பட்ட விதம், சாதியைப் பற்றித் தமிழ்ச் சமூகம் எந்த அளவுக்குப் பேசத் துணிந்தது என்பதைக் காட்டுகிறது.

பண்ணையாளின் குரல்

12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் பாடிய பெரியபுராணத்தில் நந்தனார் கொள்ளிடக்கரை ஆதனூரைச் சேர்ந்தவர். ஊர் அளித்த மானிய நிலத்தைக் கொண்டு வாழ்ந்து, கோயில் இசைக்கருவிகளுக்குத் தோலும் நரம்பும் வழங்கியவர். அங்கே அவருக்கு ஆண்டை எவரும் இல்லை. 1860களின் தொடக்கத்தில் அச்சான கோபாலகிருஷ்ண பாரதியாரின் 'நந்தன் சரித்திரம்' அவரை ஒரு வேதியரின் பண்ணையாள் ஆக்கியது. 40 வேலி நிலத்தின் வேலையை முடித்தால்தான் சிதம்பரம் போக உத்தரவு கிடைக்கும் என்பது பாரதியார் சேர்த்த நிகழ்ச்சி. மாயவரம் அருகே ஆனந்ததாண்டவபுரத்தில் வாழ்ந்த அவர், மிராசு முறையை அருகிருந்து கண்டவர். 1843ஆம் ஆண்டுச் சட்டம் அடிமை முறைக்கான சட்ட ஆதரவை நீக்கிய பிறகும் பண்ணையடிமை நிலை நீடித்தது. அதைப் பாட்டில் கொண்டுவந்ததே நூலின் வலிமை. ஆயினும் அவருடைய நந்தன் ஆண்டையிடம் இறைஞ்சுகிறான், உரிமை கேட்பதில்லை. முடிவில் தீயில் மூழ்கித் தூய்மை பெற்ற பிறகே கோயிலுக்குள் செல்கிறான். தீட்டு என்ற கருத்து அசையாமல் நிற்கிறது.

திரைப்படங்கள்

1935இல் கே. பி. சுந்தராம்பாளும், 1942இல் எம். எம். தண்டபாணி தேசிகரும் நந்தனாராக நடித்துப் பாடினர். காந்தியின் தீண்டாமை ஒழிப்புப் பயணம், 1939இல் மதுரை மீனாட்சியம்மன் கோயில் நுழைவு, 1941இல் அண்ணாமலைநகரில் நடந்த தமிழிசை மாநாடு ஆகியவை நிகழ்ந்த காலம் அது. பக்திப் பாட்டாகக் கேட்கப்பட்டவை கோயில் நுழைவுப் பாட்டாகவும் கேட்கப்பட்டன. ஆனால் நந்தனுக்காகக் கண்கலங்குவது எளிது. வயலில் கூலி கேட்பவருக்குச் செவிசாய்ப்பது கடினம். அந்த இரண்டாவது கேள்வியைப் பக்தி இசை எழுப்பவில்லை.

கிந்தனார்

'நல்லதம்பி' (1949) படத்தில் என். எஸ். கிருஷ்ணன் நிகழ்த்திய 'கிந்தனார்' காலட்சேபம் பழைய வடிவத்தையே நகைச்சுவையாகக் கையாண்டது. கிந்தன் நாடுவது கோயிலை அன்று, படிப்பை. அவனுக்குத் தீக்குளியல் தேவைப்படவில்லை.

மதிப்பீடு

பாட்டு இந்த முடிவுக்கு வருமுன்பே சிதம்பரம் அங்கு வந்துவிட்டது. சுவாமி சகசானந்தர் 1916இல் அவ்வூரில் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்காக நந்தனார் பெயரிலேயே பள்ளி தொடங்கினார். வெகுசன இசை மாற்றத்தைப் பரப்பியது உண்மை. ஆனால் மாற்றத்தைத் தொடங்கியவர்கள் பெரும்பாலும் மேடைக்கு வெளியே இருந்தனர்.