‘இருக்கிறேன்’, ‘கொண்டிருக்கிறேன்’: நம் அட்டவணையில் ஒரு கோளாறு



‘ஹேவ் ஈட்டன்’ என்றால் ‘சாப்பிட்டிருக்கிறேன்’. ‘ஹேவ் பீன் ஈட்டிங்’ என்றால் ‘சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன்’. இப்படி ஓர் அட்டவணையைப் படிவம் நான்கு மாணவர்களுக்கு நானே எழுதிக் கொடுத்திருக்கிறேன். மனப்பாடம் செய்ய எளிது. ஆனால் தவறு.

வீட்டுக்கு வந்தவரிடம் “சாப்பிட்டாச்சா?” என்று கேட்டால், “சாப்பிட்டேன்”, “சாப்பிட்டுட்டேன்” என்பார். “சாப்பிட்டிருக்கிறேன்” என்று யாரும் சொல்வதில்லை. “துரியான் சாப்பிட்டிருக்கிறேன்” என்றால் அது அனுபவம். ஆங்கிலத்தின் ஒரே வடிவத்தைத் தமிழ் இரண்டாகப் பிரிக்கிறது.

இன்னொன்று பாருங்கள். ஜாலான் தெங்கு கிளானாவில் இறங்குகிறீர்கள். சாலை ஈரம், மழை இல்லை. நாம் சொல்வது, “மழை பேஞ்சிருக்கு.” ஆங்கிலத்தில் இயல்பாக வருவது, “இட் ஹேஸ் பீன் ரெய்னிங்.” அட்டவணைப்படி இதை மொழிபெயர்த்தால் ‘மழை பெய்துகொண்டிருக்கிறது’ என்றாகும். அப்படியென்றால் குடை வேண்டுமே!

மதிப்பெண் அதிகம் போகும் இடம் வேறு. “பத்து ஆண்டுகளாகக் கிள்ளானில் வசிக்கிறேன்.” கால நீட்சியை ‘ஆண்டுகளாக’ என்பதிலுள்ள ‘ஆக’ காட்டிவிடுகிறது, வினை நிகழ்காலத்திலேயே நிற்கலாம். அதே நினைப்பில் மாணவர் “ஐ ஆம் லிவிங் இன் கிள்ளான் ஃபார் டென் இயர்ஸ்” என்று எழுதுகிறார். ஆங்கிலம் வினையிலும் அதைக் கேட்கிறது: “ஐ ஹேவ் பீன் லிவிங்.” மலாயிலோ வினை மாறுவதே இல்லை, ‘சுடா’, ‘செடாங்’ முன்னால் வந்தால் போதும். மூன்று மொழிக்கு நடுவில் பிள்ளை குழம்பாமல் என்ன செய்யும்?

குறை பிள்ளையிடம் இல்லை. நன்னூல் சொல்லும் நிகழ்கால இடைநிலைகளான கிறு, கின்று, ஆநின்று மூன்றையும் ஒப்பிக்க வைக்கிறோம். விடு, இரு, கொண்டிரு, வா என்னும் துணைவினைகள் செய்யும் வேலையை விளக்காமல் தாண்டிவிடுகிறோம். ‘படித்துவிட்டேன்’, ‘படித்திருக்கிறேன்’, ‘படித்து வருகிறேன்’ மூன்றுக்கும் வேறுபாடு தெரிந்த மாணவருக்கு ஆங்கில வேறுபாடும் பிடிபடும்.

அட்டவணைக்குப் பதில் மூன்று கேள்வி கேளுங்கள்.

1. எத்தனை முடிந்தது? “ஐ ஹேவ் ரிட்டன் த்ரீ எஸ்ஸேஸ்.” எண்ணிக்கை வந்தால் தொடர்வடிவம் வேண்டாம்.

2. எவ்வளவு நேரமாக நடக்கிறது? “ஐ ஹேவ் பீன் ரைட்டிங் சின்ஸ் திஸ் மார்னிங்.” இங்கே தொடர்வடிவம்.

3. வினை செயலா, நிலையா? “அவரைப் பத்து வருஷமா தெரியும்” என்பது நிலை. எவ்வளவு காலமானாலும் “ஐ ஹேவ் நோன் ஹிம்” தான். ‘பீன் நோயிங்’ கிடையாது.

நான் கொடுத்த அட்டவணையை மாணவர்களிடமிருந்து திரும்ப வாங்கிவிட்டேன். உங்கள் வகுப்பிலும் அப்படி ஒன்று இருந்தால், நாளைக்கு அந்த ஈரச் சாலையைக் கரும்பலகையில் வரைந்து, என்ன நடந்திருக்கும் என்று கேட்டுப் பாருங்கள். பிள்ளைகள் தமிழில் சரியாகச் சொல்வார்கள். பாடத்தை அங்கிருந்து தொடங்கலாம்.