யாருடைய குரல்?

ஆங்கிலப் பாடல்களின் கூவலால் பெயர்பெற்ற பிரெஞ்சு 'யே-யே' இசையை வெறும் கூச்சலென ஒதுக்குவது எளிது. ஆயின் அது விமர்சனமாகாது. 1959இல் 'ஐரோப்பா 1' வானொலியில் தொடங்கிய 'சலூ லே கொப்பேன்' நிகழ்ச்சி, 1962இல் அதே பெயரில் சஞ்சிகையும் ஆயிற்று. அதன் ஓராண்டு நிறைவையொட்டி 1963 ஜூன் 22ஆம் நாள் பாரிஸின் நாசியோன் சதுக்கத்தில் நிகழ்ந்த இசைவிழாவில் ஏறத்தாழ ஒன்றரை இலட்சம் இளைஞர் திரண்டனர். அன்று இளமை தன்னைத் தானே கண்டுகொண்டது. வணிகமும் அதனைக் கண்டுகொண்டது.

இவ்விரண்டும் ஒன்றல்ல என்பதை இரு பாடகியரின் கதை காட்டும். 1962இல் 18 வயதுப் பிரான்சுவாஸ் ஆர்டி, காதல் வாய்க்காத இளம்பெண்ணின் தனிமையைத் தாமே எழுதிப் பாடினார். 1966இல் அதே வயதிலிருந்த பிரான்ஸ் காலோ, செர்ஜ் கேன்ஸ்பூர் எழுதிய 'லே சுசெத்' என்னும் குச்சிமிட்டாய்ப் பாடலைப் பாடினார். அதிற் பொதிந்திருந்த ஆபாசச் சிலேடையை அவர் அறியார். பிறர் நகைத்த பின்னரே அறிந்தார். தாம் வஞ்சிக்கப்பட்டதாகப் பின்னாளில் வருந்தினார்.

மெட்டு இரண்டிலும் இனிதே. ஆயின் ஒன்றில் இளமை பேசுகிறது. மற்றதில் அது விற்கப்படுகிறது. சிலேடையின் சாமர்த்தியம் எத்துணைப் பெரிதாயினும், பாடுபவளை ஏமாற்றிப் பெற்ற பாட்டைக் கலையின் பெயரால் மன்னிக்க இயலாது.