ஆன் ஷெர்லியின் முதல் ஜெபம்

வீட்டு ஜெபம், ஞாயிறு ஆராதனை, பள்ளிக்கூட பெஞ்சு. இந்த மூன்றையும் ஒரே கதைக்குள் வைத்து, ஓரிடத்தில்கூடப் பிரசங்கம் பண்ணாமல், படிக்கிறவர் மனசைக் கரைத்துவிடுகிற புத்தகம் எது என்று யாராவது கேட்டால் நான் யோசிக்கவே மாட்டேன். ‘ஆன் ஆஃப் கிரீன் கேபிள்ஸ்’ என்பேன். 1908-இல் வெளிவந்த நாவல். எழுதியவர் கனடாவின் லூசி மாட் மாண்ட்கோமரி. சிறுமிகளுக்கான கதை என்று இதை ஒதுக்கி வைத்திருப்பவர்கள் எவ்வளவு பெரிய சந்தோஷத்தை இழக்கிறார்கள் என்று எனக்கு ஆதங்கமாகவே இருக்கும். விசுவாசம் ஒரு குழந்தைக்குள் எப்படி வேர்விடுகிறது என்பதை இத்தனை உண்மையாகச் சொன்ன கதையை நான் வேறெங்கும் படித்ததில்லை.

கதை தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம். கனடாவின் கிழக்குக் கடலோரம் பிரின்ஸ் எட்வர்ட் தீவு. செம்மண் பாதைகளும் ஆப்பிள் தோட்டங்களும் நிறைந்த ஊர். அங்கே அவான்லீ என்ற கற்பனைக் கிராமத்தில், கிரீன் கேபிள்ஸ் என்ற பண்ணைவீட்டில், மேத்யூ, மரில்லா என்று கல்யாணமே செய்துகொள்ளாத அண்ணனும் தங்கையும். மேத்யூவுக்கு வயது 60. வயல்வேலைக்கு ஒத்தாசையாக இருக்கட்டும் என்று அனாதை விடுதியிலிருந்து ஒரு பையனைக் கேட்டிருந்தார்கள். ரயிலில் வந்து இறங்கியதோ ஆன் என்ற 11 வயதுச் சிறுமி. சிவந்த சடை, முகமெல்லாம் புள்ளி, ஓயாத வாய். ஆள் மாறி வந்த பிள்ளையை வைத்துக்கொள்வதா, திருப்பி அனுப்புவதா என்ற தவிப்பில் கதை தொடங்குகிறது.

ஏழாம் அத்தியாயம்தான் என் உயிர். ராத்திரி, மெழுகுவர்த்தி வெளிச்சம். ஜெபம் பண்ணிவிட்டுப் படு என்கிறார் மரில்லா. நான் ஜெபமே பண்ணுவதில்லையே என்கிறாள் ஆன். மரில்லாவுக்குத் தூக்கிவாரிப் போடுகிறது. கடவுள் யார் என்றாவது தெரியுமா என்று கேட்டால், ஞானோபதேச வினாவிடையில் இருக்கிற பதிலை மடமடவென்று ஒப்பிக்கிறாள் பிள்ளை. விடுதியில் கற்றுக்கொடுத்தது. அந்தப் பெரிய பெரிய வார்த்தைகளின் ஓசை வேறு அவளுக்கு ரொம்பப் பிடித்திருக்கிறதாம்! அப்படியானால் ஏன் ஜெபம் இல்லை? முன்னால் அவளை வளர்த்த வீட்டு அம்மா, கடவுள் வேண்டுமென்றேதான் உனக்குச் சிவப்பு முடி வைத்தார் என்று சொல்லிவிட்டாள். அன்றிலிருந்து ஆன் கடவுளோடு டூ!

மரில்லா சொன்னதற்காக முழங்காலில் நிற்கிறாள். பிறகு அவள் பண்ணுகிற ஜெபம் இருக்கிறதே! வழியில் பார்த்த பூத்துக் குலுங்கும் ஆப்பிள் மரச்சாலைக்கு நன்றி, மின்னுகிற குளத்துக்கு நன்றி, ஜன்னலோரச் செர்ரி மரத்துக்கு நன்றி, சமையலறைத் தொட்டிச் செடிக்கு நன்றி. ஒவ்வொன்றுக்கும் அவளே வைத்த பட்டப்பெயர் சொல்லித்தான் நன்றி. கேட்பது இரண்டே இரண்டு: இந்த வீட்டிலேயே இருக்கவிட வேண்டும், வளர்ந்ததும் பார்க்க லட்சணமாக இருக்க வேண்டும். கடைசியில் ஆமென் சொல்வதற்குப் பதில், பெரியவர்களுக்கு எழுதும் கடிதத்தை முடிப்பதுபோல மரியாதையாகத் தன் பெயரைச் சொல்லி முடிக்கிறாள். படுத்த பிறகுதான் ஆமென் ஞாபகம் வருகிறது.

சிரித்து முடிப்பதற்குள் மாண்ட்கோமரி நம்மைப் பிடித்து நிறுத்திவிடுகிறார். சின்னக் குழந்தைகள் மழலையில் சொல்லும் ஒரு ஜெபத்தைத்தான் மரில்லா கற்றுக்கொடுப்பதாக இருந்தார். சட்டென்று அவருக்கு உறைக்கிறது: அது அம்மா மடியில் சாய்ந்து சொல்கிற பிள்ளைகளுக்கு உரியது. மனிதர் ஒருவர்கூட அன்பு காட்டாத ஒரு பிள்ளைக்கு, கடவுள் அன்பானவர் என்றால் என்ன புரியும்? இந்த ஒரு நினைப்பை எழுதியதற்காகவே மாண்ட்கோமரிக்கு ஆயுள் முழுக்க நன்றி சொல்லலாம். நாவலின் மிச்சப் பக்கங்களெல்லாம் இந்தக் கேள்விக்கு ஒரு வீடு தன் நடத்தையால் கொடுக்கும் பதில்தான்.

மறுநாளே பதில் ஆரம்பிக்கிறது. பரமண்டல ஜெபம் அச்சிட்ட அட்டையை எடுத்துவா என்று மரில்லா அனுப்புகிறார். போனவள் வரவே இல்லை. போய்ப் பார்த்தால், இயேசு குழந்தைகளை ஆசீர்வதிக்கும் படத்துக்கு முன்னால் மெய்ம்மறந்து நிற்கிறாள். படத்தின் ஓரத்தில், யாரோடும் சேராமல், நீல உடுப்பில் ஒதுங்கி நிற்கும் ஒரு சிறுமி தான்தான் என்று நினைத்துக்கொண்டு நிற்கிறாள். அந்தச் சிறுமி மெல்ல மெல்ல நகர்ந்து அவர் பக்கம் போகிறாளாம், அவர் தன் தலையில் கை வைப்பாரா என்று நெஞ்சு படபடக்கிறதாம். ஓவியர்கள் அவரை ஏன் இவ்வளவு சோகமாக வரைகிறார்கள், உண்மையில் அப்படி இருந்திருந்தால் பிள்ளைகள் பயந்திருக்குமே என்றும் கேட்கிறாள். மரில்லாவுக்கு இது மரியாதைக் குறைவான பேச்சாகப் படுகிறது. எனக்கோ, கூட்டத்தின் ஓரத்தில் நிற்கும் அத்தனை பிள்ளைகளும் அந்த நீல உடுப்புக்குள் தெரிகிறார்கள். பிறகு பரமண்டல ஜெபத்தைப் படித்துவிட்டு, இது சங்கீதம் மாதிரி இருக்கிறது என்கிறாள் ஆன். அதே ஜெபத்தை விடுதியில் ஒருவர் கரகரத்த குரலில், வேண்டாவெறுப்பாகச் சொல்லக் கேட்டபோது அவளுக்குள் ஒன்றுமே அசையவில்லை.

நானும் ஓய்வுநாள் பள்ளியில் வளர்ந்தவள். வசனம் ஒப்பித்துப் படம் போட்ட அட்டை வாங்கியவள். இன்றைக்கு அதே பெஞ்சுக்கு முன்னால் நின்று பாடம் சொல்பவள். அதனால் ஆன் முதன்முதலில் ஓய்வுநாள் பள்ளிக்குப் போகும் அத்தியாயத்தை எத்தனை முறை படித்தாலும் எனக்கு அலுப்பதில்லை. தொப்பியில் பூ இல்லையே என்று வழியில் காட்டுப் பூக்களைப் பறித்துச் சூடிக்கொண்டு போகிறாள். ஊரே முகம் சுளிக்கிறது. மேற்பார்வையாளர் திரு. பெல்லின் ஜெபம் நீள்கிறது, நீள்கிறது, முடியவே இல்லை. ஆன் ஜன்னல் வழியே குளத்தையும், மரங்களுக்கிடையே தண்ணீரில் இறங்கும் வெயிலையும் பார்த்து, தன் பாட்டுக்குக் கடவுளுக்கு நன்றி சொல்லிவிடுகிறாள். அந்த அறையில் நடந்த உண்மையான ஜெபம் அதுதான்! கண்டிக்க வேண்டிய மரில்லாவால் கண்டிக்க முடியவில்லை. பல வருஷமாகத் தன் மனசுக்குள் கிடந்ததைத்தான் இந்தப் பிள்ளை வாய்விட்டுச் சொல்கிறது.

மாண்ட்கோமரி சபையைக் கேலி செய்து ஒதுங்கிக்கொள்பவர் அல்லர் என்பது எனக்கு மிகவும் பிடித்த விஷயம். டீச்சர் மட்டும்தான் கேள்வி கேட்கலாமா, இது என்ன நியாயம் என்று குமுறிய அதே ஆனுக்கு, பிறகு புதிய போதகரம்மா திருமதி ஆலன் வருகிறார். வகுப்பில் முதல் வேலையாக, நீங்கள் எதை வேண்டுமானாலும் என்னைக் கேட்கலாம் என்கிறார். மார்க்கம் இவ்வளவு சந்தோஷமான காரியமா என்று ஆன் வியந்துபோகிறாள். அந்த அம்மாவுக்காக ஆசை ஆசையாகக் கேக் செய்து, வனிலா என்று நினைத்து வலிக்குத் தடவும் தைலத்தை ஊற்றிவிடுகிறாளே, அந்த நாளை மறக்க முடியுமா! மாடியில் கவிழ்ந்து அழுதவளைத் தேடிப்போய்த் தேற்றுகிறவர் போதகரம்மாதான்.

வீட்டுக் காட்சிகளில் என்னை அதிகம் அசைத்தது மரில்லாவின் ஊதாக் கல் புரூச். அது காணாமல் போகிறது. ஆன்தான் தொலைத்திருப்பாள் என்று முடிவு கட்டி, ஒப்புக்கொள்ளும்வரை அறையைவிட்டு வரக்கூடாது என்று தண்டிக்கிறார். அந்த வாரம்தான் ஓய்வுநாள் பள்ளிப் பிக்னிக். வாழ்க்கையில் முதன்முதலாக ஐஸ்கிரீம் சாப்பிடப்போகும் நாள். எப்படியாவது போய்விட வேண்டும் என்று, செய்யாத குற்றத்தை அழகாக ஜோடித்து ஒப்புக்கொள்கிறாள் பிள்ளை. அதற்கும் தண்டனை. கடைசியில் புரூச் மரில்லாவின் சால்வையிலேயே மாட்டிக்கொண்டிருக்கிறது. மரில்லா நேரே ஆனிடம் போகிறார். தப்பு என்னுடையது, நீ என்னை மன்னித்தால் நானும் உன்னை மன்னிக்கிறேன் என்கிறார். பாவஅறிக்கையும் மன்னிப்பும் பற்றி எத்தனை பிரசங்கம் கேட்டிருக்கிறோம். ஒரு பெரியவர், வீட்டுக்கு வந்த அனாதைப் பிள்ளையிடம் தலைதாழ்ந்து மன்னிப்புக் கேட்பதைப் பார்க்கிற குழந்தைக்கு வேறு பாடமே தேவையில்லை.

மேத்யூவைப் பற்றிச் சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. பெண்களைக் கண்டாலே கூச்சப்படுகிற மனிதர். மற்றச் சிறுமிகளின் நடுவே ஆன் மட்டும் ஏதோ வித்தியாசமாகத் தெரிகிறாளே என்று உட்கார்ந்து யோசித்து யோசித்து, மற்றவர்களுக்கு இருக்கிற பஃப் கை அவள் சட்டையில் இல்லை என்று கண்டுபிடிக்கிறார். துணி வாங்கக் கடைக்குப் போனால் கல்லாவில் ஒரு பெண். வாய் குழறி, குளிர்காலத்தில் தோட்டத்துக் குப்பைவாரியும், அதற்குமேல் 20 பவுண்டு பழுப்புச் சர்க்கரையும் வாங்கிக்கொண்டு திரும்புகிறார்! அப்புறம் பக்கத்து வீட்டு ரேச்சல் அம்மாவிடம் சொல்லித் தைத்து வாங்கி, கிறிஸ்துமஸ் காலையில் அந்தச் சட்டையைக் கூச்சத்தோடு நீட்டுகிறார். அந்தப் பக்கத்தை மேற்கொண்டு படிக்க முடியாமல் என் கண் நிறைந்துவிட்டது.

பள்ளிக்கூடப் பகுதியில் ஆட்டம் பாட்டம்தான். கேரட் என்று கேலி செய்த வகுப்புப் பையன் கில்பர்ட்டின் மண்டையில் ஆனின் சிலேட்டு உடைவது இதைப் படித்த எல்லாருக்கும் தெரியும். நான் ரசிப்பது இரண்டு ஆசிரியர்களுக்கு நடுவே தெரியும் தூரத்தை. திரு. பிலிப்ஸ் ஆனை மேடையில் நிறுத்தி, அவள் பெயரையே தப்பாகப் போர்டில் எழுதி அவமானப்படுத்துகிறார். பிறகு வரும் மிஸ் ஸ்டேசி, பிள்ளைகளைக் காட்டுக்கும் வயலுக்கும் கூட்டிப்போய்ச் செடிகொடி காட்டுகிறார். பள்ளிக்குக் கொடி வாங்கப் பிள்ளைகளையே கலைநிகழ்ச்சி நடத்தவைக்கிறார். குயின்ஸ் கல்லூரி நுழைவுத் தேர்வுக்கு மாலைநேர வகுப்பு எடுக்கிறார். அந்தத் தேர்வில் ஆனும் கில்பர்ட்டும் சேர்ந்து தீவிலேயே முதலிடம்! போதகரம்மா ஓய்வுநாள் பள்ளியில் செய்ததை, மிஸ் ஸ்டேசி வாரநாள் பள்ளியில் செய்கிறார். இரண்டு இடத்திலும் பிள்ளைக்குக் கிடைப்பது ஒன்றே: உன்னை எனக்குப் பிடித்திருக்கிறது, நீ கேள் என்கிற தைரியம்.

இதையெல்லாம் மாண்ட்கோமரி எங்கிருந்து எடுத்தார்? வாழ்ந்ததிலிருந்துதான். 1874-இல் பிறந்தவர். இரண்டு வயது நிறைவதற்குள் காசநோயில் அம்மாவை இழந்தார். கேவண்டிஷ் கிராமத்தில் கண்டிப்பான பிரஸ்பிட்டீரியன் தாத்தா பாட்டியிடம் வளர்ந்தார். சார்லட்டவுனில் இரண்டு வருஷ ஆசிரியர் படிப்பை ஒரே வருஷத்தில் முடித்துக் கிராமப் பள்ளிகளில் பாடம் நடத்தினார். இந்த நாவலைப் பதிப்பகங்கள் வரிசையாகத் திருப்பி அனுப்ப, ஒரு தொப்பிப் பெட்டிக்குள் போட்டுவைத்திருந்து, பிறகு எடுத்து மறுபடி அனுப்பியபோதுதான் பாஸ்டனில் அச்சேறியது. 1911-இல் போதகர் யூவன் மெக்டொனால்டைக் கல்யாணம் செய்து அவரே போதகரம்மாவும் ஆனார். அம்மா இல்லாத பிள்ளையின் ஏக்கமும் ஆலய பெஞ்சின் மணமும் அவர் எழுத்தில் இவ்வளவு நிஜமாக இருப்பதில் ஆச்சரியமே இல்லை.

ஜப்பானில் இந்தப் புத்தகத்துக்கு நடந்தது தனி அற்புதம். டோக்கியோவில் கனடா மெதடிஸ்ட் மிஷனரிகள் நடத்திய பெண்கள் பள்ளியில் படித்தவர் ஹனகோ முராவோகா. போர்மேகம் சூழ்ந்த 1939-இல் ஊர் திரும்பிய கனடிய மிஷனரித் தோழி ஒருவர் இந்த நாவலை அவர் கையில் கொடுத்துவிட்டுப் போனார். எதிரி நாட்டு மொழிப் புத்தகம் என்ற ஆபத்துக்கு நடுவிலேயே போர்க்காலம் முழுக்க முராவோகா அதை மொழிபெயர்த்தார். 1952-இல் வெளிவந்தது. ஜப்பானியர்கள் ஆனைத் தங்கள் வீட்டுப் பிள்ளையாகவே எடுத்துக்கொண்டார்கள். ஒரு மிஷன் பள்ளியும் ஒரு நட்பும் சேர்ந்து செய்த வேலை!

நாவலின் கடைசிப் பகுதியில், சேமிப்பு முழுவதும் இருந்த வங்கி திவாலான செய்தியைப் பத்திரிகையில் பார்த்த மேத்யூ வாசலிலேயே விழுந்து இறந்துவிடுகிறார். பகலெல்லாம் அழ வராத ஆன், நடுராத்திரியில் விழித்து உடைந்து அழுகிறாள். சத்தம் கேட்டு மரில்லா வருகிறார். கட்டிப்பிடித்துக்கொள்கிறார். மனசில் இருப்பதைச் சொல்ல எனக்கு எப்போதும் வராது, ஆனால் நீ என் சொந்த ரத்தம் மாதிரி, நீ வந்ததிலிருந்து நீதான் என் சந்தோஷம் என்று வாய்திறந்து சொல்லிவிடுகிறார். ஏழாம் அத்தியாயத்தில் மெழுகுவர்த்தியோடு நின்ற அதே பெண்மணி! ஜெபம் கற்றுக்கொடுக்க வந்தவரே அன்பைக் கற்றுக்கொண்டுவிட்டார்.

38 அத்தியாயங்கள். ராத்திரி வீட்டு ஜெபம் முடிந்ததும் தினம் ஒரு அத்தியாயத்தைச் சத்தமாக வாசியுங்கள். சின்னப் பிள்ளைகளுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே போங்கள். எங்கள் வகுப்புப் பிள்ளைகளுக்கு நான் அப்படித்தான் சொன்னேன். தைலக் கேக்குக்கு அவர்கள் சிரித்த சிரிப்பில் பக்கத்து வகுப்பு எட்டிப் பார்த்தது. முடித்துவிட்டு 1909-இல் வந்த ‘ஆன் ஆஃப் அவான்லீ’யையும் கையோடு எடுங்கள். அதில் ஆன் டீச்சராகிவிடுகிறாள். மரில்லாவோ அம்மா அப்பா இல்லாத இரட்டைப் பிள்ளைகள் இரண்டு பேரை வீட்டுக்குக் கூட்டிவருகிறார். அதில் டேவி என்ற வாண்டு, சொர்க்கத்தில் ஜாம் கிடைக்கும் என்று அடித்துச் சொல்வான். அவனுக்குப் பதில் சொல்லும் பொறுமை இப்போது அந்த வீட்டில் நிறையவே இருக்கிறது.